கடைவாய்ப் பல்லும் ராட்சத அழுங்கும்

என்னை வேலையை விட்டுத் தூக்குவதற்காகத்தான் ஒரு ஜப்பானிய ராட்சத மிருகப் படத்துக்கு அழைத்துப் போகிறார்கள் என்று நான் நம்பினேன். இப்போது எழுதும்போது சிரிப்பு வருகிறது. அப்போது சிரிக்க முடியவில்லை. பயம் பாதிக் காரணம். மீதிப் பாதி, வாய் மரத்துப்போயிருந்தது. அந்தக் கதைக்கு வருகிறேன்.

அமெரிக்காவில், சன்னிவேல் என்ற ஊரில் ஒரு கம்பெனியில் வேலை. ஒருநாள் காலை காலண்டரில் ஓர் அழைப்பு வந்து உட்கார்ந்திருந்தது. அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை மதியம், டீம் முழுவதும் சினிமா, அவசியம் வரவும். அனுப்பியவர் எங்கள் மேனேஜர். ஓஹையோவில் பிறந்த, நெட்டையான, அதிர்ந்து பேசாத மனிதர். அதுவரை எங்களை ஒரு காபிக்குக்கூடக் கூட்டிப்போனதில்லை. திடீரென்று இந்தப் பாசம் எங்கிருந்து ஊறியது?

பக்கத்து சீட்டு மதுரைக்காரர் நாற்காலியை உருட்டிக்கொண்டு வந்தார்.

"அண்ணே, சோலி முடிஞ்சிருச்சுண்ணே."

"சும்மா இருப்பா. சினிமாதானே."

"போன கம்பெனில இப்படித்தான் பௌலிங் கூட்டிட்டுப் போனாய்ங்க. நல்லா உருட்டுனோம். மறுநாள் காலைல ஆபீஸ் கதவுல பேட்ஜ் வேலை செய்யல."

"அது பௌலிங். இது சினிமா."

"சினிமாதான்ணே டேஞ்சர். இருட்டு. எவன் மூஞ்சியும் எவனுக்கும் தெரியாது. அவய்ங்களுக்கு வசதி."

சொல்லிவிட்டு அவர் நிம்மதியாகப் போய் சாம்பார் சாதம் சாப்பிட்டார். அவரிடம் கிரீன் கார்டு இருந்தது. நான் அந்த வரிசையில் நின்றே தலை நரைத்தவன். வேலை போனால் விசா விதிப்படி இரண்டே மாதத்தில் இன்னொன்று தேட வேண்டும், இல்லையென்றால் வீட்டைக் காலி செய்துவிட்டு ஊருக்குப் பெட்டி கட்ட வேண்டும். மகள் பதினொன்றாம் வகுப்பு. அவளிடம் போய் "கிளம்பு, மடிப்பாக்கம் போகலாம்" என்று சொல்லும் தைரியம் எந்த ராட்சத மிருகத்துக்கும் கிடையாது.

அன்று முதல் எதைப் பார்த்தாலும் சந்தேகம். மேனேஜர் "குட் மார்னிங்" சொன்னால், நேற்றைவிடக் கனிவாக இருக்கிறதே என்று தோன்றும். அவர் அறைக் கதவைச் சாத்தினால் என்னைப் பற்றிப் பேசுகிறார், திறந்து வைத்திருந்தால் என்னைக் கண்காணிக்கிறார். ஹெச்.ஆர். அம்மாள் வேறு அடிக்கடி அவர் அறைக்கு வந்து போனாள். இருவரும் எதையோ பார்த்துச் சிரித்தார்கள். நான் தண்ணீர் பிடிக்கப் போகிற மாதிரி அந்தப் பக்கம் நடந்தால் சிரிப்பு நின்றுவிடும். அந்த நாட்களில் நான் குடித்த தண்ணீருக்கு அளவே இல்லை.

எங்கள் பக்கத்தில் வேலை போகும் வாசனை அடித்தால், ரெஸ்யூமேயைத் தூசி தட்டுவதற்கு முன் டாக்டரிடம் ஓடுவோம். வேலையோடு இன்ஷூரன்ஸும் போய்விடும் அல்லவா? நானும் ஓடினேன். கண் பரிசோதனை, தோல் டாக்டர், முழங்காலுக்கு ஓர் எக்ஸ்ரே. எல்லாம் நன்றாக இருப்பதாகச் சொன்னார்கள். ஏமாற்றமாக இருந்தது. கடைசியில் பல் டாக்டர்தான், "கீழே வலப்பக்கம் ஒரு கடைவாய்ப் பல் கொஞ்சம் சாய்ந்திருக்கிறது. இப்போது தொல்லை இல்லை. பிற்காலத்தில் வரலாம்" என்றார். அப்பாடா என்றிருந்தது. "எடுத்துவிடுங்கள்" என்றேன்.

வீட்டில் மனைவி நம்பவில்லை.

"பல் வலிக்குதா?"

"இல்ல."

"அப்புறம் எதுக்குங்க எடுக்கறீங்க?"

"வலிக்கும்போது இன்ஷூரன்ஸ் இருக்குமா?"

"உங்களுக்கு எடுக்க வேண்டியது பல் இல்ல" என்றாள். மகள் போனிலிருந்து தலையைத் தூக்காமல், "அப்பா, இட்ஸ் ஜஸ்ட் எ மூவி" என்றாள். பாவம், குழந்தைக்கு உலகம் தெரியவில்லை.

பல் டாக்டரிடம் நேரம் கிடைத்தது சினிமா அன்று காலையில்தான். பல்லைப் பிடுங்கி, பஞ்சைத் திணித்து அனுப்பினார்கள். வலது கன்னம் என்னுடையதாகவே இல்லை. அப்படியே பக்கத்து ஊரான சான்டா கிளாராவில் இருந்த தியேட்டருக்கு டிரைவ் பண்ணிக்கொண்டு போனேன். சந்தேகம் வரக்கூடாது என்று ஒரு பாப்கார்ன் டப்பாவையும் வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன். சாப்பிட முடியாது. சும்மா பிடித்துக்கொண்டிருந்தேன்.

ஹெச்.ஆர். அம்மாளும் வந்திருந்தாள். தோளில் ஒரு பெரிய பை. பைக்குள் தட்டைத் தட்டையாகப் பொட்டலங்கள், தலைக்கு ஒன்று வீதம். வேலை நீக்கக் கடிதம்தான் என்பதுபோல் மதுரைக்காரர் என்னைப் பார்த்துக் கண்ணை மூடித் திறந்தார். நான் பாப்கார்னைக் கட்டிக்கொண்டேன்.

படம் ஆரம்பித்தது. வேற்றுக்கிரகத்திலிருந்து வெள்ளி உடை போட்ட ஆட்கள் வந்து இறங்கினார்கள். சண்டை போடவில்லை. மேடையேறி, மிக மரியாதையாக, "யாரும் பயப்பட வேண்டாம். எல்லாம் வழக்கம்போல நடக்கும். சில சிறிய மாற்றங்கள் மட்டுமே" என்றார்கள். போன மாத மீட்டிங்கில் எங்கள் மேனேஜரின் மேலதிகாரி சொன்னதும் கிட்டத்தட்ட இதேதான்.

பிறகு அவர்கள் ஊர் ஊராக ஒளிக்கற்றை அடித்தார்கள். பூமியைக் காக்க எரிமலைக்குள் தூங்கிக்கொண்டிருந்த ராட்சத அழுங்கு ஒன்று, அதாவது எறும்புதின்னி, உடம்பெல்லாம் செதிலோடு எழுந்து வந்தது. ரப்பர் சட்டைக்குள் ஓர் ஆள் வியர்த்துக்கொண்டிருப்பது நன்றாகத் தெரிந்தது. அந்த ஆள்மீது எனக்குப் பிரியம் வந்துவிட்டது. பாதிப் படத்தில் அழுங்கு அடிவாங்கிக் கடலில் சாய்ந்தபோது, என் வாயின் வலது ஓரத்திலிருந்து எச்சில் வழிந்தது. துடைத்துக்கொண்டு நிமிர்ந்தால், மேனேஜர் திரையைப் பார்க்காமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் அப்படி ஒரு வருத்தம். சரி, தேதி குறித்துவிட்டார்கள் என்று நினைத்தேன்.

அழுங்கு எழுந்து வந்து எதிரிகளின் பறக்கும் தட்டைச் சுருட்டி விண்வெளிக்கே திருப்பி எறிந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். விளக்கு எரிந்தது. மேனேஜர் என் அருகில் வந்து, "ஒரு நிமிடம் தனியாகப் பேசலாமா?" என்றார். பின்னால் ஹெச்.ஆர். அம்மாள் பையைத் திறக்கும் சத்தம். மதுரைக்காரர் என் தோளைத் தட்டி, "தெம்பா இருங்கண்ணே" என்றார்.

ஓரமாகப் போனோம். மேனேஜர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"இந்த இரண்டு வாரமாக உங்களுக்கு ஏகப்பட்ட அப்பாயின்ட்மென்ட். காலையில் ஆளில்லை, மதியம் ஆளில்லை. என்னிடம் உண்மையைச் சொல்லுங்கள். எந்தக் கம்பெனியில் இன்டர்வியூ?"

நான் வாயைத் திறந்தேன். "இன்ழர்யூ இழ்ழ. ஃபழ்" என்று ஏதோ வந்தது. அவருக்கு விளங்கவில்லை. வேறு வழியின்றி, வாய்க்குள் விரலை விட்டு ரத்தம் ஊறிய பஞ்சை எடுத்துக் காட்டினேன். அவர் ஓர் அடி பின்வாங்கினார்.

"பல்லா? வலித்ததா?"

தலையை ஆட்டினேன், இல்லை என்று.

"அப்புறம் ஏன் எடுத்தீர்கள்?"

பஞ்சைத் திரும்ப வாய்க்குள் திணித்துக்கொண்டேன். ஹெச்.ஆர். அம்மாள் வந்து என் கையில் ஒரு பொட்டலத்தைத் திணித்தாள். பிரித்தேன். அழுங்கு படம் போட்ட டி-ஷர்ட். அவளே போட்டோ பார்த்துத் தேர்ந்தெடுத்து அச்சடிக்கக் கொடுத்தாளாம். மேனேஜர் அறையில் அவர்கள் பார்த்துச் சிரித்தது அந்தப் படத்தைத்தான்.

நடந்தது இவ்வளவுதான். மேனேஜருக்குச் சின்ன வயதிலிருந்தே இந்த ராட்சத மிருகப் படங்கள் என்றால் உயிர். அவர் மனைவியும் பிள்ளைகளும் கூட வர மறுத்துவிட்டார்கள். அதனால் எங்களைக் கூட்டிப்போனார். எங்கள் டீமில் யாருக்கும் வேலை போகவில்லை. எனக்குக் கீழே வலப்பக்கம் கடைசிப் பல் இல்லை.