நாலாய் மடித்த வேட்டி

அந்தப் படத்தில் ஒருத்தனும் ஒருத்தியும் ஜோடி சேர்ந்து ஊரை ஏமாற்றுவார்கள். நகைக்கடையில் அவள் மயங்கி விழுவாள். கடைக்காரர்கள் தண்ணீருக்கு ஓடும்போது அவன் நகையை அள்ளிக்கொள்வான். அப்புறம் அவள் அந்த நகையைத் துணியில் சுருட்டி வயிற்றில் கட்டிக்கொண்டு பிள்ளைத்தாய்ச்சி போல ரயில் ஏறுவாள். அவளை முன்பின் தெரியாதவன் போல அவன் எழுந்து இடம் கொடுப்பான். அவளைப் பிடிக்க வந்த போலீஸ்காரரே விசிறி விடுவார். ஊரே ஏமாந்து நிற்கும். அவர்கள் ரெண்டு பேர் மட்டும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக் கண்ணாலேயே சிரித்துக்கொள்வார்கள்.

என் வீட்டுக்காரருக்கு அந்தச் சிரிப்பு ரொம்பப் பிடித்துப்போய்விட்டது. அப்போது நாங்கள் பிள்ளையார்பாளையத்தில் ஒரு வீட்டின் பின்பக்கத்தில் வாடகைக்கு இருந்தோம். அவர் தறியில் உட்கார்ந்து நெய்வார். நான் பக்கத்தில் உட்கார்ந்து, குறுக்கே ஓடும் நாடாவுக்குள் போடும் தார்க்குச்சியில் நூல் சுற்றித் தருவேன். படம் பார்த்து வந்த மறுநாளிலிருந்து, தாரை நீட்டினால் வாங்க மாட்டார், முன்பின் தெரியாதவர் போலக் கேட்பார்.

"யாருமா நீ? எந்த ஊரு? தனியா வந்துக்கினு இருக்கிறியே, துணைக்கு ஆள் இல்லியா?"

"கையில புடிங்க. நூல் அறுந்துடப் போவுது."

"நூலுக்குப் பயப்படற, எனக்குப் பயப்பட மாட்டேன்றியே."

நான் எல்லாவற்றுக்கும் பயப்படுகிறவள். அஞ்சாம் வகுப்பில் வாத்தியார் கணக்குக் கேட்பாரே என்று பயந்து வயிற்றுவலி என்று படுத்தவள், அதோடு பள்ளிக்கூடமே நின்றுபோனது. கதவைப் பூட்டிவிட்டுத் தெருமுனை வரை போய், பூட்டினோமா என்று திரும்பி வந்து பார்ப்பேன். இதைச் சொல்லி அவர் என்னைக் கேலி பண்ணாத நாள் கிடையாது.

கல்யாணமாகி ஆறு வருஷம் ஆகியிருந்தது. பிள்ளை இல்லை. அவருக்கு அது பெரிதாக இல்லை, அல்லது என்னிடம் காட்டிக்கொள்ளவில்லை. என் மாமியார், நான் அத்தை என்று கூப்பிடுவேன், ஓரிக்கையில் பெரிய மகனோடு இருந்தார். கல்யாணமான மூன்றாவது வருஷம் அந்த வீட்டில் பேத்திக்குக் காது குத்தினார்கள். குழந்தைக்குச் சந்தனம் வைக்க எல்லாப் பெண்களும் போனார்கள், நானும் போனேன். அத்தை என் கையைத் தொடக்கூட இல்லை. "நீ கொஞ்சம் தள்ளி நில்லுமா" என்றார். சத்தமாகச் சொல்லவில்லை, கோபமாகவும் சொல்லவில்லை. ஆனால் அங்கிருந்த அத்தனை பேர் காதிலும் விழுந்தது. கையிலிருந்த சந்தனத்தை என்ன செய்வது என்று தெரியாமல் என் கழுத்திலேயே தடவிக்கொண்டேன். அதற்கப்புறம் எந்த விசேஷத்துக்குப் போனாலும், யாரும் சொல்வதற்கு முன்னால் நானே தூண் ஓரமாகப் போய் நின்றுகொள்வேன்.

அமாவாசைக்கு எங்கள் பக்கம் தறி ஓடாது. காலையில் கோயில், மத்தியானம் சினிமா. நாங்கள் அந்தப் படத்தை முதலில் பார்த்ததும் ஒரு அமாவாசையில்தான். அடுத்த அமாவாசைக்கும் அது ஓடிக்கொண்டிருந்தது, ஆனால் போஸ்டர் மேல் குறுக்கே "இன்றே கடைசி" என்று ஒட்டிவிட்டார்கள். இவர் காலையிலேயே போய்ப் பார்த்துவிட்டு வந்தார்.

"ஆம்பளைங்க வரிசையில தலை மேல ஏறிப் போறானுங்க. பொம்பளைங்க வரிசையே குளத்தாண்ட வரைக்கும் நிக்குது."

"அப்ப விட்டுடுங்க. பார்த்த படம்தான?"

"விடறதா? நீ கவுன்ட்டர் கிட்ட நேராப் போற, ரெண்டு டிக்கெட் வாங்கற." சொல்லிக்கொண்டே கொடியில் கிடந்த வேட்டியை உருவி நாலாக மடித்தார். எனக்குப் புரிந்துவிட்டது. மாட்டவே மாட்டேன் என்றேன். டிக்கெட் கொடுக்கிறவர் எழுந்து வந்து தொட்டுப் பார்த்தால்? நடு வழியில் அவிழ்ந்து விழுந்தால்? போலீஸ் வந்தால்?

"போலீஸ் வந்தா விசிறி விடுவாரு, படத்துல பார்த்த இல்ல?"

சிரித்துவிட்டேன். சிரித்த பிறகு மாட்டேன் என்று சொல்ல முடியவில்லை. அவரே கட்டிவிட்டு, எட்ட நின்று பார்த்து, "இது எட்டு மாசம் மாதிரி இருக்குது, ஒரு மடிப்பைக் குறைக்கலாம்" என்றார். தெருவில் யாரும் பார்க்காதபடி என்னை சைக்கிளில் பின்னால் உட்கார வைத்து ஓட்டிக்கொண்டு போனார். ஒரு கையால் சைக்கிளையும் ஒரு கையால் வயிற்றையும் பிடித்துக்கொண்டே போனேன்.

வரிசையின் கடைசியில் போய் நின்றேன். முன்னால் போக எனக்குத் தைரியம் வரவில்லை. முடிச்சு நழுவுகிற மாதிரி இருந்ததால் அடிவயிற்றைக் கையால் தாங்கிக்கொண்டேன். அதைத்தான் பார்த்தாள் ஒரு அம்மாள்.

"இன்னாமா, வலிக்குதா? இந்த வெயில்ல ஏம்மா வந்த? ஏ, வழி விடுங்க! வாயும் வயிறுமா ஒரு பொண்ணு நிக்குது, கண்ணு தெரியல? தள்ளி நில்லுங்கமா, தள்ளி நில்லுங்க!"

அத்தனை பெண்களும் தள்ளி நின்றார்கள். எனக்காக. ஒருத்தி முந்தானையால் என் முகத்தைத் துடைத்துவிட்டாள். இன்னொருத்தி, "முதல் பிள்ளையா கண்ணு?" என்று கேட்டாள். ஆமாம் என்று தலையாட்டினேன். கவுன்ட்டர் வரைக்கும் நான் நடந்த அந்த இருபது முப்பது அடியில் எனக்குப் பயம் என்பதே இல்லை. என்னை நானே நிஜம் என்று நம்பிவிட்டேன் போலிருக்கிறது. தரை டிக்கெட்டில் ஆண்கள் பக்கத்துக்கும் பெண்கள் பக்கத்துக்கும் நடுவில் ஒரு குட்டைச் சுவர். அதற்கு அந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு இவர் படம் முழுக்க இருமிக்கொண்டே இருந்தார், நான் திரும்பிப் பார்க்க வேண்டும் என்று. பார்த்தேன். கண்ணாலேயே சிரித்துக்கொண்டோம்.

வழி விடச் சொன்ன அந்த அம்மாள் ஓரிக்கையில் அத்தை வீட்டுக்கு அடுத்த வீட்டுக்காரி. என் கல்யாணத்துக்கு வந்தவளாம். எனக்கு அவளை அடையாளம் தெரியவில்லை, அவளுக்கு என்னைத் தெரிந்திருக்கிறது.

மறுநாள் காலை இவர் நெய்த புடவையைக் கொண்டுபோய்க் கொடுக்க முதலாளி வீட்டுக்குப் போயிருந்தார். வாசலில் நிழல் ஆடியது. அத்தை. ஓரிக்கையிலிருந்து நடந்தே வந்திருக்கிறார். பை நிறைய வெள்ளரிப் பிஞ்சும் மாங்காயும். உள்ளே வந்தவர் பையைக் கீழே வைக்கவில்லை.

"ஏம்மா, அடுத்தவ சொல்லித்தான் நான் தெரிஞ்சிக்கணுமா?"

 இல்லை அத்தை, அது துணி என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அவ்வளவுதான். அதற்குள் அவர் என் ரெண்டு கையையும் பிடித்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டார்.

"அன்னிக்கி காது குத்துல உன்னத் தள்ளி நில்லுன்னு சொன்னேன். சொன்ன நாள்லருந்து எனக்குத் தூக்கம் இல்லம்மா. பாவி வாய். மனசுல வெச்சிக்காத. என்ன மன்னிச்சிடு."

அழுதார். அந்த அழுகையில் என் கை முழுக்க நனைந்தது. நான் என்ன சொன்னேன் தெரியுமா? "போனாப் போவுது விடுங்க அத்தை" என்றேன். பெரிய மனுஷி மாதிரி.

கண்ணைத் துடைத்துக்கொண்டு என் இடுப்பைப் பார்த்தார். "நேத்து நல்லாத் தெரிஞ்சிதுன்னாளே அவ. ஒண்ணும் காணமே?"

"சாப்பிட்டா கொஞ்சம் தெரியும்" என்றேன். பயத்தில் உளறவில்லை. பதில் அவ்வளவு சீக்கிரம், அவ்வளவு சுளுவாக வந்தது.

குழந்தை பிறக்கும் வரை வெற்றிலை போடுவதில்லை என்று வேண்டிக்கொண்டிருப்பதாகச் சொன்னார். வெற்றிலை இல்லாமல் ஒரு மணி நேரம் இருக்க மாட்டார் அவர். பேச்சுக்கு நடுவில் அவர் வாய் சும்மாவே மென்றுகொண்டிருந்தது. வெள்ளிக்கிழமை வருகிறேன், ரெண்டு பேருமாக அம்மன் கோயிலுக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

இவர் வந்ததும் சொன்னேன். முதலில் விழுந்து விழுந்து சிரித்தார். என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். "அம்மா கிட்ட நான் சொல்லிடறேன், விளையாட்டுக்குப் பண்ணோம்னு" என்றார். நான்தான், "வேணாம், நானே பக்குவமாச் சொல்றேன்" என்று தடுத்தேன்.

வெள்ளிக்கிழமை வந்தது. இவர் தறிக்குப் பாவு நூல் வாங்கப் போயிருந்தார். அத்தை வருவதற்கு முன்னால் கதவைச் சாத்திக்கொண்டு நான் திரும்பவும் கட்டினேன். வேட்டி இல்லை, அது பெரிது. என் பழைய பாவாடையைக் கிழித்து, மெல்லியதாக, தொட்டாலும் தெரியாதபடி உள்பாவாடைக்கு அடியில் தைத்துக்கொண்டேன். யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. படத்தில் கூட அப்படி இல்லை.

அத்தை வந்ததும் கையை வைத்துப் பார்த்தார். கண்ணை மூடிக்கொண்டார். கோயிலுக்குப் போகும் வழியெல்லாம் என் கையைப் பிடித்துக்கொண்டு, எதிரில் சைக்கிள் வந்தால் தான் முன்னால் போய் நின்றார். கோயில் வாசலில் பூக்காரியிடம், "என் சின்ன மருமவ, முழுகாம இருக்கா, நல்லா நெருக்கிக் கட்டின பூவா குடு" என்றார். எனக்கு இனித்தது. நடுவில் ஒரு தடவை நான் வேண்டுமென்றே நின்று மூச்சு வாங்கினேன். அவர் பதறிப்போனார். அந்தப் பதற்றமும் இனித்தது.

அதற்கு மேல் ஒரு வாரம் போனது. அத்தை வளைகாப்புக்கு யார் யாரைக் கூப்பிடுவது என்று ஓரிக்கையில் பேச ஆரம்பித்துவிட்டதாகப் பெரிய மகன் வந்து சொல்லிவிட்டுப் போனார். இவருக்குத் தூக்கிவாரிப்போட்டது.

"நீ இன்னும் சொல்லலியா?"

நான் தார் சுற்ற உட்கார்ந்தேன்.

அவர் தறிக் குழிக்குள் காலைத் தொங்கப் போட்டுக்கொண்டு யோசித்தார். "சரி, ஒண்ணு பண்ணலாம். கலைஞ்சிடுச்சின்னு சொல்லிடலாம். அம்மா ரெண்டு நாள் அழும், அதோட முடிஞ்சிடும். உன் மேலயும் பேச்சு வராது."

 இல்லாத பிள்ளைதான். ஆனாலும் செத்துப்போனது என்று வாயால் சொன்னால், இனி வரப்போகிற பிள்ளையும் அந்த வார்த்தையைக் கேட்டுக்கொண்டு திரும்பிப் போய்விடும் என்று தோன்றியது. பிள்ளை இருக்கிறது என்று சொல்ல வந்த வாய்க்கு, போய்விட்டது என்று சொல்ல வரவில்லை. மறுநாள் காலை நான் மட்டும் ஓரிக்கைக்கு நடந்தேன்.

அத்தை வாசலில் முறத்தை வைத்துக்கொண்டு வேர்க்கடலை உடைத்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும், "இந்த வெயில்ல நடந்தா வந்த?" என்று எழுந்தார். உட்காருங்கள் என்று சொல்லி, பக்கத்தில் உட்கார்ந்து, தலையைக் குனிந்துகொண்டே சொல்லிவிட்டேன். சினிமா, வரிசை, வேட்டி. அவர் கடலை உடைப்பதை நிறுத்தவே இல்லை. தோலை முறத்திலும் பருப்பைத் தரையிலும் போட்டுக்கொண்டிருந்தார்.

"அவன் சொல்லித்தான கட்டின?"

"ஆமாங்க அத்தை."

"அவன் சின்ன வயசுலருந்தே அப்படித்தான். கூத்தாடி." இன்னும் ரெண்டு கடலை உடைத்துவிட்டுக் கேட்டார். "வெள்ளிக்கிழமை நான் கையி வெச்சிப் பார்த்தனே. அப்ப இருந்துச்சே. அது?"

"அதுவும் துணிதான்."

"அது யார் சொல்லி?"

இதற்கு உண்மையான பதில் ஒன்று என்னிடம் இருந்தது. அவர் என் கையைப் பிடித்து அழுதாரே, அந்த அழுகைக்காக மூன்று வருஷம் காத்திருந்தேன். அதை ஒரு தடவை பார்த்தது போதவில்லை. அவ்வளவுதான். நான் சொன்னது வேறு.

"பயமா இருந்துச்சி அத்தை. இல்லன்னு சொன்னா நீங்க என்ன பண்ணுவீங்களோன்னு."

என் குரல் நடுங்கியது. நடுங்கினது நிஜம், சொன்னது பொய். எல்லோருக்கும் தெரியும் நான் பயந்தவள் என்று. அத்தைக்கும் தெரியும். அதனால் உடனே நம்பிவிட்டார். முறத்தைத் தள்ளி வைத்துவிட்டு என்னையே பார்த்தார்.

"நான் உன்ன அந்த அளவுக்கா பயமுறுத்தி வெச்சிருக்கேன்? என்னப் பார்த்தா பயந்து துணியக் கட்டிக்கினு நிக்கற அளவுக்கா?" மறுபடியும் அழுதார். இந்தத் தடவை என் கையைப் பிடிக்கவில்லை, தன் தலையில் அடித்துக்கொண்டார். "எம்மேலதாம்மா தப்பு. எல்லாம் எம்மேல."

பொய் வயிற்றை நம்பி அவர் என்னிடம் கேட்ட மன்னிப்பையாவது, உண்மையைச் சொல்லி அன்று திருப்பிக் கொடுத்தேன் என்று வைத்துக்கொள்ளலாம். இந்த ரெண்டாவதை நான் திருப்பிக் கொடுக்கவே இல்லை. அதில் இனிப்பு எதுவும் இல்லை. ஆனாலும் வாங்கி வைத்துக்கொண்டேன்.

ஊரில் அவர் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. "நான்தான் அடுத்த வீட்டுக்காரி பேச்சக் கேட்டு அவசரப்பட்டேன், அந்தப் பொண்ணு ஒண்ணுமே சொல்லல" என்று எல்லோரிடமும் சொன்னார். கிணற்றடியில், "கிழவிக்குப் பேரன் ஆசை கண்ணை மறைச்சிடுச்சி" என்று அவர் காதுபடவே சிரித்தார்களாம். அடுத்த வீட்டுக்காரி, நான் என் கண்ணால் பார்த்தேன் என்று சண்டைக்கு வந்து, பிறகு ரெண்டு பேருக்கும் பேச்சே நின்றுபோனது. எங்களுக்குப் பிள்ளை பிறக்கவே இல்லை.

ரெண்டு வருஷம் கழித்து அத்தையின் பெரிய மகன் வீட்டில் இன்னொரு குழந்தைக்குப் பெயர் வைத்தார்கள். நான் வழக்கம்போலத் தூண் ஓரத்தில் நின்றேன். அத்தை கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து என் கையைப் பிடித்து இழுத்துப்போய்க் குழந்தையை என் மடியில் வைத்தார். யாரோ ஒரு பெண் முணுமுணுத்தது கேட்டது. அத்தை திரும்பி, "அவ பயந்த பொண்ணு. அவள யாராவது ஒரு வார்த்தை சொன்னீங்க, நான் மனுஷியா இருக்க மாட்டேன்" என்றார்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் பயந்தவளைப் போலவே தலையைக் குனிந்துகொண்டேன்.