எதிரலையில் ஆடிய மெழுகுக் கப்பல்

எங்கள் சோதனைக் கூடத்துக்குள் முதல் தடவை வருகிறவர்கள் தாமாகவே குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். இருநூறு மீட்டர் நீளத்துக்கு ஒரே தொட்டி, இரண்டு ஆள் ஆழத்துக்குத் தண்ணீர். பாசி பிடிக்கக் கூடாது என்று ஜன்னல்களுக்குக் கறுப்புச் சாயம் பூசியிருந்தார்கள். அதனால் பட்டப்பகலிலும் உள்ளே அந்திதான். நடந்தால் நம் காலடிச் சத்தம் எதிர்க்கோடி வரை போய், கொஞ்சம் தாமதித்து, வேறு யாரோ நம்மை நோக்கி வருவதுபோலத் திரும்பி வரும். நான் அங்கே அளவுகளைப் பதிவு செய்யும் எழுத்தராக இருந்தேன். முதல் மாதம் முழுக்கத் திரும்பித் திரும்பிப் பார்த்தபடிதான் நடந்தேன்.

மெழுகக்கா திரும்பிப் பார்த்து நான் கண்டதில்லை. அவர் அங்கே இருபத்தெட்டு வருடம் வேலை பார்த்தவர். அவர் வேலை, மெழுகில் கப்பல் செய்வது.

முன்பெல்லாம் கப்பலின் குணம் அதைக் கட்டிக் கடலில் விட்ட பிறகுதான் தெரியுமாம். குணம் கெட்ட கப்பல் ஆட்களோடு மூழ்கிப் போய்விடும். அதே வடிவில் சின்னதாக ஒன்றைச் செய்து தொட்டியில் இழுத்துப் பார்த்தால் என்ன என்று பிறகு யாருக்கோ தோன்றியிருக்கிறது. மெழுகு தண்ணீரைக் குடிக்காது, சீவச் சீவ வளைந்து கொடுக்கும். களிமண் அச்சில் மெழுகை ஊற்றி, இறுகியதும் எடுத்து, வரைபடத்துக்குச் சரியாக வரும்வரை அக்கா சீவுவார். கடைசியில் கண்ணை மூடிக்கொண்டு உள்ளங்கையால் அதன் அடிவயிற்றைத் தடவுவார். நகத்தின் பாதிக் கனத்துக்கு மேடு இருந்தாலும் கை நின்றுவிடும்.

"கப்பல் தளத்துல ஆயிரம் பேரு வேர்த்து வடியுறாங்க. நான் ஒருத்தி இங்க உக்காந்து வாரத்துக்கு ஒண்ணு இறக்கிடுறேன்" என்று சிரிப்பார்.

சோதனை முடிந்ததும் மாதிரியை உடைத்து, உருக்கி, அடுத்த கப்பலுக்கு ஊற்றுவோம். அத்தனை வருடமும் அதே மெழுகுதான். எங்களிடம் சோதித்த கப்பல்களில் ஏழு பிற்பாடு கடலில் காணாமல் போயின. எங்கள் பிழையால் அல்ல. பாறை, தீ, புயல் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு காரணம் இருந்தது. ஆனாலும் இழுவை வண்டியை ஓட்டுகிறவர் மெழுகு உருக்கும் கொப்பரையின் பக்கம் போக மாட்டார். தொட்டியின் மேல் தண்டவாளத்தில் ஓடும் அந்த வண்டிதான் மாதிரிகளைத் தண்ணீரில் இழுத்துச் செல்லும். வண்டிக்காரர் பெரிய உடம்புக்காரர், யாருக்கும் பயப்படாதவர். கொப்பரைக்கு மட்டும் பயந்தார்.

அந்த வருடம் சரக்குப் பெட்டிகள் ஏற்றும் பெரிய கப்பல் ஒன்றின் வரைபடம் வந்தது. அவசரம் அவசரமாகக் கட்டினார்கள். எங்கள் அலைச் சோதனை தொடங்கும் முன்பே உண்மைக் கப்பல் கட்டி முடியும் தறுவாயில் இருந்தது. அதில் இரண்டாம் அதிகாரியாகப் போகவிருந்தவர் அக்காவின் தம்பி. பெற்றோர் போன பிறகு அக்கா வளர்த்த பிள்ளை. அந்த மாதிரியை மட்டும் அக்கா வழக்கத்தைவிட இரண்டு நாள் கூடுதலாகச் சீவினார்.

அமைதியான தண்ணீரில் அது வெண்ணெயில் கத்தி போல ஓடியது. எதிரலையில், முழு வேகத்திலும் நன்றாகவே போனது. கடைசியாக ஒன்று பாக்கி: எதிரலையில், வேகத்தைக் குறைத்து. வானிலை மோசமானால் எந்தக் கப்பலும் அப்படித்தானே போகும்.

தொட்டியின் கடைக்கோடியில் இருந்த பலகை அசைந்து அலைகளை அனுப்பியது. நாங்கள் மூவரும் வண்டிமேல் இருந்தோம். அலை நேர் எதிரே வந்தால் கப்பலின் மூக்கு மேலும் கீழும் போகும், அவ்வளவுதான். பக்கவாட்டில் சாய்வதற்கு வழியே இல்லை. ஏழெட்டு அலை வரை அப்படித்தான் இருந்தது.

பிறகு அது இலேசாக இடப்பக்கம் சாய்ந்தது. நிமிர்ந்தது. வலப்பக்கம் சாய்ந்தது, இன்னும் கொஞ்சம் அதிகமாக. காற்று இல்லை, பக்கத்தில் அலை இல்லை, யார் கையும் படவில்லை. கண்ணுக்குத் தெரியாத யாரோ குனிந்து நின்று தொட்டில் ஆட்டுவதுபோல, அவசரமே இல்லாமல், ஒவ்வொரு ஆட்டத்துக்கும் கொஞ்சம் கூட்டிக்கொண்டே போனது. மேல்தளம் தண்ணீரைத் தொட்டது. தண்ணீர் உள்ளே புகும் "களக்" என்ற சத்தம் கேட்டதும் வண்டிக்காரர் பிரேக்கை அழுத்தினார்.

"எடை ஒரு பக்கமா இருந்திருக்கும்" என்றேன் நான். என் குரல் எதிர்க்கோடிக்குப் போய்த் திரும்பி வந்தது.

உள்ளே வைத்திருந்த ஈயக் கட்டிகளை எடுத்து, மறுபடி நிறுத்து வைத்தோம். தண்ணீர் அடங்க அரை மணி நேரம் காத்திருந்தோம். மறுபடியும் அதே ஆட்டம். மூன்றாம் முறையும் அதேதான்.

"ஏம்மா, நான் ஒண்ணு சொன்னா சிரிக்கக் கூடாது" என்றார் வண்டிக்காரர். முகத்தில் ரத்தமே இல்லை. "அந்த ஏழு கப்பலும் இதுக்குள்ளதான் இருக்கு. மெழுகுக்கு ஞாபகம் வந்துருச்சு."

அக்கா சிரிக்கவில்லை. "அப்படியும் இருக்கலாம்ணே. பார்த்துடுவோம்" என்றார்.

கிடங்கில் பிரிக்காத மெழுகுப் பெட்டிகள் இருந்தன. கொப்பரையைத் தொடாமல், புதுப் பாத்திரத்தில் புது மெழுகை உருக்கினார். அச்சும் புதிது. ஆறு நாளில் பால் நிறத்தில் இன்னொரு கப்பல் தயாரானது. வண்டிக்காரரைக் கூப்பிட்டு அதைத் தொட்டுப் பார்க்கச் சொன்னார். அவர் இரண்டு கையாலும் தடவிப் பார்த்துவிட்டு, "இது சுத்தம்மா" என்றார், நிம்மதியாக.

அன்று காலை பத்து மணிக்கு அதை ஓட்டினோம். ஏழெட்டு அலை. பிறகு இடப்பக்கம் இலேசான ஒரு சாய்வு.

வண்டிக்காரர் வாய்விட்டுக் கத்திவிட்டார். பழைய மெழுகில் ஏதோ இருக்கிறது என்று நம்புவது எவ்வளவு சுகமாக இருந்தது என்று அப்போதுதான் புரிந்தது. குற்றம் மெழுகில் இல்லை. அந்த வடிவத்திலேயே இருந்தது.

அக்கா மட்டும் குனிந்து, உதடு அசைய எண்ணிக்கொண்டிருந்தார். "மூக்கு ரெண்டு தடவை முங்குது. உடம்பு ஒரு தடவை ஆடுது. ரெண்டுக்கு ஒண்ணு. தவறவே இல்ல பாரு." பிறகு வண்டிக்காரரிடம், "வேகத்தைக் கொஞ்சம் ஏத்துங்கண்ணே" என்றார். வேகம் ஏறியதும் கணக்குத் தப்பியது. யாரோ கையை எடுத்துவிட்டதுபோல ஆட்டம் அடங்கியது. குறைத்ததும் திரும்ப வந்தது.

தலைமைப் பொறியாளர் வந்து தன் கண்ணால் பார்த்தார். அன்றே கப்பல் கட்டும் தளத்துக்குக் கடிதம் எழுதினார். பத்து நாளில் பதில் வந்தது: நேர் எதிரலையில் கப்பல் பக்கவாட்டில் உருளாது, தங்கள் மாதிரியைச் சரிபார்க்கவும்.

"இதுக்கு மேல என் கையில ஒண்ணும் இல்லம்மா" என்றார் பொறியாளர்.

"என் கையில இருக்கு சார்" என்றார் அக்கா.

தம்பி கப்பலேறுவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை, வீட்டில் சாப்பாட்டு மேஜையில் வைத்து அக்கா அவரிடம் சொன்னாராம். பிற்பாடு தம்பியே எனக்கு விவரித்தார். கேட்டதும் தம்பிக்குச் சிரிப்பு வந்திருக்கிறது.

"அக்கா, மோசமான கடல்ல வேகத்தைக் குறைக்கிறதுதான் பாதுகாப்பு. சின்னக் குழந்தைக்குக்கூடத் தெரியும்."

"அங்கதான்டா அது உனக்காகக் காத்துக்கிட்டு இருக்கு. மூக்கு ரெண்டு முங்கு, உடம்பு ஒரு ஆட்டம். அதைப் பார்த்தா நிக்காத. மூக்கைக் கொஞ்சம் திருப்பு, வேகத்தைக் கூட்டு. எனக்குச் சத்தியம் பண்ணு."

அவர் தட்டைத் தள்ளி வைத்துவிட்டுச் சத்தியம் செய்தார். அக்காவின் கண்கள் அப்படி இருந்தனவாம்.

நான்கு மாதம் கழித்து, ஒரு மதியம், நடுக்கடலில் காற்று எழுந்தது. கேப்டன் வேகத்தைக் குறைத்து, மூக்கை நேராக அலைக்குக் கொடுத்தார். புத்தகத்தில் உள்ளபடிதான் செய்தார். தம்பி கப்பலை ஓட்டும் மேல்தள அறையில் அவர் பக்கத்தில் நின்றிருந்தார்.

"முதல்ல மேஜை மேல இருந்த பென்சில் உருண்டுச்சு" என்றார் என்னிடம். "இடப்பக்கம் போச்சு. வலப்பக்கம் வந்துச்சு. பக்கத்துல அலையே இல்ல. எனக்கு முதுகெல்லாம் சில்லுன்னு ஆயிடுச்சு. மூக்கை எண்ணினேன். ரெண்டு. ஒண்ணு. ரெண்டு. ஒண்ணு. அக்கா பக்கத்துல நின்னு எண்ணுற மாதிரியே இருந்துச்சு. அஞ்சாவது ஆட்டத்துல நிக்க முடியல, கம்பியைப் பிடிச்சுத் தொங்கினேன். கேப்டன்கிட்ட, 'சார், திருப்புங்க, வேகத்தைக் கூட்டுங்க'ன்னு கத்தினேன். அவர் என்னைப் பைத்தியத்தைப் பார்க்கிற மாதிரி பார்த்தாரு. ஆனா அடுத்த ஆட்டம் வந்ததும், வேற வழி தெரியாம, சொன்னபடி செஞ்சாரு."

மேல்தளத்தில் இருந்த அறுபது பெட்டிகள் சங்கிலியை அறுத்துக்கொண்டு கடலில் போயின. சமையல்காரருக்குக் கை முறிந்தது. வேறு யாருக்கும் ஒன்றும் இல்லை. ஆட்டம் இரண்டே நிமிடத்தில் அடங்கியதாம்.

தம்பி ஊருக்கு வந்த அன்று அக்கா விடுப்பு எடுக்கவில்லை. மாலையில் வீட்டுக்குப் போய், அவர் தூங்குவதைக் கதவருகே நின்று பார்த்தாராம். பிறகு சமையலறையில் உட்கார்ந்து அழுதிருக்கிறார். இதை மறுநாள் அவரே சொன்னார், ஏதோ பால் பொங்கி வழிந்துவிட்டது என்பதுபோல.

கப்பல் தளத்துக்காரர்கள் இந்த முறை நேரில் வந்தார்கள். கறுப்பு ஜன்னல்களின் கீழே வரிசையாக நின்று, பால் நிற மாதிரி தானாக ஆடுவதைப் பார்த்தார்கள். ஒருவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். அதன் பிறகு வந்த எல்லாக் கப்பல்களுக்கும் அந்தச் சோதனை கட்டாயமானது. அக்கா ஓய்வு பெறுவதற்குள் இன்னும் இரண்டு மாதிரிகள் அப்படி ஆடின. இரண்டையும் வரைபடத்திலேயே மாற்றினார்கள்.

ஆனால் அந்தப் பெட்டிக் கப்பல் ஏற்கெனவே கடலில் இருந்தது. அதன் உரிமையாளர்கள் சேதத்தைச் சரிசெய்து, சத்தமில்லாமல் விற்றுவிட்டார்கள். வாங்கியவர்கள் பெயரை மாற்றினார்கள், சாயத்தை மாற்றினார்கள். பிறகு இன்னொருவர் வாங்கினார். எந்த வேகத்தில், எந்த அலையில் அது ஆடும் என்பதை ஒரு தாளில் எழுதி, தெரிந்த விலாசங்களுக்கெல்லாம் அக்கா அனுப்பிக்கொண்டே இருந்தார். "கேப்டன் பார்வைக்கு" என்று மேலே கொட்டை எழுத்தில் எழுதுவார். நான்தான் அஞ்சலில் சேர்ப்பேன். பதினாறு கடிதங்கள் போயின.

சில, பிரிக்கப்படாமல் திரும்பி வந்தன. மற்றவற்றைப் பற்றி ஒன்றும் தெரியவில்லை.