அங்கம்மா தள்ளிவிட்ட கோள்

கைப்பேசியை மூக்குக்கு அரைச் சாண் தூரத்தில் பிடித்து, ஒற்றைக் கண்ணைச் சுருக்கிப் பார்க்கிறார் அங்கம்மா. பண்டார் தெங்காராவிலிருந்து செனாய்க்குப் போகும் கம்பெனி பஸ், செம்பனைத் தோட்டங்களுக்கு நடுவே குலுங்கிக்கொண்டு ஓடுகிறது. மற்றவர்கள் வாயைத் திறந்து தூங்குகிறார்கள். இவர் திரையில் வரிசையாகக் கிடக்கும் புள்ளிகளில் பள்ளம் தேடுகிறார்.

ஒவ்வொரு வரிசையும் எங்கோ இருக்கும் ஒரு நட்சத்திரத்தின் வெளிச்சம். அதன் குறுக்கே ஒரு கோள் கடந்தால் வெளிச்சம் துளி மங்கும். புள்ளிகள் அங்கே கொஞ்சம் இறங்கும். அதே இடைவெளியில் மறுபடி மறுபடி இறங்கினால் கோள் சுற்றுகிறது என்று கொள்ளலாம். வானியலாளர்களிடம் இப்படிப் படங்கள் மலையாய்க் குவிந்து கிடப்பதால், பொதுமக்களும் பார்த்துச் சொல்லட்டும் என்று இணையத்தில் போட்டிருக்கிறார்கள். சிங்கப்பூரில் வேலை செய்யும் மகள் லோஷினிதான் அதை அம்மாவின் கைப்பேசியில் ஏற்றிக் கொடுத்தாள்.

அங்கம்மாவுக்கு ஐம்பத்திரண்டு வயது. எங்கள் கம்பெனியில் கேமரா லென்சுகளைச் சோதிக்கும் பிரிவில் பத்தொன்பது வருடம். லென்சை விளக்குக்கு நேரே தூக்குவார். சுத்தமாக இருந்தால் பச்சைத் தட்டு, பொட்டு தெரிந்தால் சிவப்புத் தட்டு. கடையில் நுரை பொங்க ஆற்றிய தே தாரிக் டீ வந்தாலும் முதலில் கிளாஸைத் தூக்கி வெளிச்சத்தில் பார்ப்பார். அவரோடு சாப்பிடப் போனால் கடைக்காரர் முகம் சுருங்கிவிடும். நான் ஸ்டோர் குமாஸ்தா. பஸ்ஸில் அவருக்குப் பக்கத்து இருக்கை.

வினை அந்தப் பழக்கத்தால்தான் வந்தது. பாலம் தாண்டிச் சிங்கப்பூர் வேலைக்குத் திரும்பும் அவசரத்தில் லோஷினி, "உங்க வேலை மாதிரியேதாம்மா, பள்ளம் இருக்கான்னு பாத்து பட்டன அமுக்குங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். அங்கம்மா மூன்று வாரம் அமுக்கினார். சமமாக இருந்ததற்கெல்லாம் பச்சை பட்டன், பள்ளம் இருந்ததற்கெல்லாம் சிவப்பு. பிறகுதான் தெரிந்தது, பச்சை என்றால் 'பள்ளம் இருக்கிறது' என்று அர்த்தமாம். அங்கே வேண்டியதே பள்ளம்தானாம்.

"அலமாக், ஒன்னு நல்லா ஞாபகம் இருக்கு தங்கச்சி. மூணு பள்ளம். அளந்து வெச்ச மாதிரி ஒரே இடைவெளி. நம்ம இடத்துல அப்படி வந்தா மிசின்லதானே தப்பு? நல்லா அழுத்தி ரிஜெக் பண்ணேன் லா."

சிரிக்கத்தான் நினைத்தேன். அவர் முகத்தைப் பார்த்த பிறகு முடியவில்லை.

"அங்க காத்து இருக்கா, தண்ணி இருக்கான்னு அந்த வெளிச்சத்த வெச்சே பாப்பாங்களாமே. யாராச்சும் இருந்தா? நான் பாட்டுக்கு தள்ளிவிட்டுட்டேனே."

அந்த நட்சத்திரத்தின் எண்ணையும் அவர் குறித்து வைக்கவில்லை. அந்த மூன்று பள்ளம் திரும்ப வந்துவிடாதா என்றுதான் தினமும் பஸ்ஸில் தேடுகிறார். இரண்டு நட்சத்திரங்கள் ஒன்றையொன்று மறைத்தாலும் பள்ளம் விழும் என்று நடுவில் வேறு தெரிய வந்தது. இப்போது பள்ளத்தைக் கண்டாலும் அவருக்குச் சந்தேகம், சமமாக இருந்தாலும் சந்தேகம்.

ஒரே நட்சத்திரத்தைப் பல பேர் பார்ப்பார்கள், ஒருத்தர் தப்பாக அமுக்கினால் ஒன்றும் ஆகாது என்று லோஷினி போனில் தேற்றினாள். அங்கம்மா அரை நாள் நிம்மதியாக இருந்தார். மாலை பஸ்ஸில் என் பக்கம் திரும்பினார்.

"நான் தப்பா சொன்னது கணக்குல வராதுன்னா, சரியா சொன்னா மட்டும் வருமா?"

"எல்லாரும் சேந்து சொன்னா வரும்க்கா."

"அந்த எல்லாரும் நம்ம கம்பெனி ஆளுங்களா இருந்தா?"

எனக்கும் குழம்பிவிட்டது.

போன வெள்ளிக்கிழமை கையெழுத்து வாங்க அவர் மேசைக்குப் போனேன். ஒரு லென்சை விளக்குக்கு நேரே தூக்கினார். ஓரத்தில் பொட்டு, எனக்கே தெரிந்தது. கை பழக்கத்தில் சிவப்புத் தட்டுப் பக்கம் போய்ப் பாதியில் நின்றது. இன்னொரு முறை தூக்கிப் பார்த்தார். பிறகு பேனாவை எடுத்தார். ஏற்கெனவே தள்ளிவிட்ட நாலைந்து லென்சுகளின் எண்கள் எழுதியிருந்த கையுறையின் மேல், அந்த லென்சின் விளிம்பில் இருந்த எண்ணையும் எழுதிக்கொண்டு, அதைச் சத்தமில்லாமல் சிவப்புத் தட்டில் வைத்தார்.