ஏழாவது வரிக்காக ஒரு மரணம்

சித்தி ஒரு பிஸ்கெட் டப்பாவை இடுப்பில் இடுக்கிக்கொண்டு பத்திரிகை அலுவலகத்தின் படிகளில் இறங்கியது ஒரு வெள்ளிக்கிழமை, காலை பதினொன்றரை மணிக்கு. முப்பத்தொரு வருடம் வேலை பார்த்த இடம். யாரும் அவளைப் போகச் சொல்லவில்லை. பின்னாலேயே ஓடிவந்த ஆசிரியர், "அக்கா, ஒரு திருத்தம் போட்டா முடிஞ்சுபோற விஷயம்க்கா" என்று பாதிப் படிவரை கெஞ்சிப் பார்த்தார்.

"உசிரோட இருக்கறவங்களைக் கொன்னுட்டு, திருத்தம் போடுவாங்களாம் திருத்தம்" என்று சொல்லிவிட்டு சித்தி திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.

நான் நாலு வருடம் ஊர் ஊராகச் சுற்றிவிட்டு முதுகுப்பையோடு அவள் வீட்டில் வந்து இறங்கியது அதற்கு மூன்றாம் நாள். கதவைத் திறந்த சித்தப்பா உதட்டில் விரலை வைத்தார். "மெதுவாப் பேசும்மா. உள்ள ஒரு கொலைகாரி படுத்திருக்கா."

"விளையாடாதீங்க" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. "வாடி. சாப்பிட்டியா?"

நடந்தது இதுதான். சித்தி அந்த வாரப் பத்திரிகையில் பிழை திருத்துபவள். பக்கத்தை முடித்து அச்சுக்கு அனுப்புவதும் அவளே. செய்திகளைப் பொருத்தும்போது எங்காவது ஒரு பத்தியின் அடியில் இரண்டு விரல் அகலத்துக்கு இடம் மிஞ்சும். எழுத்தை இழுத்துப் பெரிதாக்கி அதை நிரப்புவது சித்தியைப் பொறுத்தவரை கள்ளத்தனம். அங்கே ஒரு துணுக்கு வைப்பாள். அத்தனையும் சதுரங்க ஆட்டக்காரர்களைப் பற்றியவை. பூனைக்கு ‘சதுரங்கம்’ என்றே பெயர் வைத்த உலக சாம்பியன். கிராண்ட்மாஸ்டராக இருந்துகொண்டே தன் நாட்டுக் கால்பந்து அணியிலும் ஆடியவர். தேனிலவிலும் பலகையை விட்டு நிமிராத ஓவியர், பொறுத்துப் பார்த்துவிட்டு அவருடைய காய்களைப் பசைபோட்டுப் பலகையோடு ஒட்டிவிட்ட புது மனைவி.

"ஏன் சித்தி, வேற ஆளே கிடைக்கலையா?" என்று சின்ன வயதில் கேட்டிருக்கிறேன்.

"இவ்வளவு புத்திசாலிங்க இவ்வளவு கிறுக்கா இருக்கறது வேற எங்கடி கிடைக்கும்?"

அவளுக்கு ஆட்டம் சுட்டுப்போட்டாலும் வராது. சித்தப்பா தன் ராணியை எடுத்து வைத்துவிட்டு ஆடினாலும் தோற்பாள். "இவ ராஜா ஓடற ஓட்டத்துக்கு ஒலிம்பிக்ஸ்ல மெடல் வாங்கலாம்" என்பார் அவர்.

டப்பாவுக்குள் துணுக்குகள் ஆட்டக்காரர் பெயர்படி இருக்காது. வரிக்கணக்குப்படி இருக்கும். மூன்று வரிக் கட்டு, ஐந்து வரிக் கட்டு, ஏழு வரிக் கட்டு என்று ரப்பர் பேண்ட் போட்டு வைத்திருப்பாள். இடம் எவ்வளவு என்று பார்த்ததும் கை தானாக அந்தக் கட்டுக்குப் போகும். அலுவலகத்தில் அவளுக்கு ‘அஞ்சு வரி அக்கா’ என்று பெயர்.

அந்தப் புதன்கிழமை ரயில் அட்டவணைக்குக் கீழே ஏழு வரி இடம் விழுந்தது. ஏழு வரிக் கட்டு காலி. ஆறு வரியில் ஒன்று இருந்தது: மூன்று முறை தேசியப் பட்டம் வென்ற, பல் மருத்துவரான ஒரு அம்மா, எதிராளி யோசிக்கும்போது பலகையைப் பார்க்காமல் அவர் பல்லைக் கடிக்கிறாரா என்று பார்ப்பாராம். அச்சகத்திலிருந்து இரண்டு முறை போன் வந்துவிட்டது. அந்தத் துணுக்கின் கடைசி வரி விளிம்புவரை நிறைந்திருந்தது. இன்னும் ஒரே ஒரு சொல் சேர்த்தால் ஏழாவது வரி உடைந்து வரும். சித்தி மனக்கணக்குப் போட்டாள். அந்த அம்மாவுக்கு இப்போது தொண்ணூறு தாண்டியிருக்க வேண்டும். ‘மறைந்த’ என்று முன்னால் ஒரு சொல்லைச் சேர்த்தாள். ஏழு வரி அச்சுவார்த்தாற்போல் உட்கார்ந்தது.

வெள்ளிக்கிழமை காலை பத்திரிகை வெளிவந்தது. பத்து மணிக்கு அந்த அம்மாவின் மகள் தொலைபேசியில் அழைத்தார்.

"எங்கம்மா மாடியில பல் தேய்ச்சிட்டிருக்காங்க. கீழ மூணு பேர் பூங்கொத்தோட நிக்கறாங்க. நான் அவங்களை என்ன செய்யறது, நீங்களே சொல்லுங்க."

சித்தி அன்றே மன்னிப்புக் கடிதம் எழுத உட்கார்ந்தாள். ஒன்பது முறை எழுதிக் கிழித்தாள். எந்த வரைவும் ஏழு வரிக்கு மேல் போகவில்லை. பழக்கதோஷம். பத்தாவதில்தான் நடந்ததை ஒளிக்காமல், ரயில் அட்டவணை, ஆறு வரி, மனக்கணக்கு எல்லாவற்றையும் எழுதினாள். நான்தான் கொண்டுபோய்த் தபாலில் போட்டேன்.

அடுத்த மாதம் ஆசிரியர் வீட்டுக்கே வந்தார். "அக்கா, அந்த இடத்துல இப்ப கொசுவத்தி விளம்பரம் போட்டுட்டிருக்கேன். வாசகருங்க என்னை வையறாங்க."

"அந்தம்மா ‘பரவாயில்லை’ன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும், வர்றேன். அதுவரைக்கும் நான் ஒரு வரி போட மாட்டேன்."

"அவங்க சொல்லாமலே..." என்று ஆரம்பித்த ஆசிரியர், நாக்கைக் கடித்துக்கொண்டார். "இல்லக்கா, நல்லா நூறு வருஷம் இருக்கட்டும்."

அந்த அம்மாவிடமிருந்து பதில் வரவில்லை. டப்பாவிலிருந்த ஆயிரத்துச் சொச்சம் துணுக்குகளையும் சித்தி ஒவ்வொன்றாக நூலகத்தில் சரிபார்த்தாள். ஒரு கையில் மூன்றே விரலோடு பியானோ வாசித்த உலக சாம்பியன் நிஜம்தானா என்று பார்க்கவே நான்கு நாள் ஆயிற்று. நிஜம்தான். தபால்காரர் சைக்கிள் மணி கேட்டால் மட்டும் கையிலிருப்பதை அப்படியே போட்டுவிட்டு எழுந்து போவாள். "தெருவுல எல்லா வீட்டுக்கும் இவதான் தபால் கொடுக்கறா" என்றார் சித்தப்பா. அவர் முன்போலச் சிரித்துக்கொண்டு சொல்லவில்லை. முப்பத்தொரு வருடம் காலை எட்டரைக்கு வீட்டை விட்டுக் கிளம்பியவள், இப்போது எட்டரைக்குச் செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலில் நிற்பதையும் பிறகு கழற்றுவதையும் அவரும் பார்த்துக்கொண்டுதானே இருந்தார்.

இதற்குள் நான் இரண்டு முறை கிளம்பிப் போய்த் திரும்பியும் வந்துவிட்டேன். பதினான்கு மாதம் கழித்து ஒரு அஞ்சலட்டை வந்தது. நடுங்கிய ஆனால் தெளிவான கையெழுத்து. சித்தி என்னிடம் நீட்டினாள். "நீயே படி. எனக்குக் கண்ணாடி எங்கன்னு தெரியல." கண்ணாடி அவள் மூக்கின் மேல்தான் இருந்தது. நான் படித்தேன்.

‘அன்புள்ள அம்மா, பதில் தாமதமாகிவிட்டது. என் மறைவுக்கு வருந்தி வந்த கடிதங்களுக்கெல்லாம் முதலில் நன்றி எழுத வேண்டியிருந்தது. நூற்றுப் பன்னிரண்டு. உயிரோடு இருந்தவரை எனக்கு ஒரு வருடத்தில் நாலு கடிதம் வந்தால் அதிகம். பரவாயில்லை, வேலைக்குப் போங்கள். அந்தத் துணுக்கை மறுபடி போடும்போது ‘மறைந்த’ என்பதை எடுத்துவிட்டு, ‘ஞாயிறுதோறும் கொள்ளுப்பேத்தியிடம் தோற்கும்’ என்று சேர்த்துக்கொள்ளுங்கள். வரி சரியாக வரும். எண்ணிப் பார்த்துவிட்டேன்.’