ஏணிக்காக நிற்கும் கப்பல் துரை

இது சத்தியமாக நடந்தது. ஆனால் நான் டாலாவில் சைக்கா என்கிற சைக்கிள் ரிக்‌ஷா மிதிக்கிறவன். கதையையும் கொஞ்சம் அழுத்தியே மிதிப்பேன். நடுவில் ஒரு பெருச்சாளி யானையானால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

படகுத்துறைக்குப் பக்கத்தில் கமலாட்சி அக்காவுக்குத் தோசைக் கடை. அவர் தோசை ஊற்றினால் ஆற்றுக்கு அந்தப் பக்கம் ரங்கூனில் நிழல் விழும். கடையை ஒட்டி ஒரு மாடம். அதில் வெள்ளைத் தொப்பியும் நெஞ்சு நிறையப் பதக்கமுமாக ஒரு வெள்ளைக்காரன் படம். பெயர் வின்டர்பி. எங்களுக்குக் கப்பல் துரைச் சாமி. துறைமுகக் கூலிகளாக வந்த எங்கள் ஆட்கள், ஆற்றில் விழுந்த ஒருவனை அவர் தூக்கிவிட்டார் என்று சாமியாக்கிவிட்டார்கள். தினமும் ஒரு சுருட்டு, ஆடி வெள்ளிக்கு ஒரு பாட்டில் ரம். சுருட்டைப் பற்ற வைப்பது சின்ன வயதிலிருந்தே அக்காதான். பற்றவே நாலு இழுப்பு வேண்டும் என்பார். சாமிக்கு அரைச் சுருட்டு மிஞ்சினால் பெரிது.

அக்காவின் குடும்பத்துக்கு ஊரில் ஒரு பட்டப்பெயர் உண்டு: கப்பலைத் தவறவிட்ட வீடு. ஜப்பான்காரன் குண்டு போட்டபோது, இந்தியாவுக்குப் போன கடைசிக் கப்பலுக்கு அவருடைய தாத்தா குடித்துவிட்டுத் தாமதமாகப் போனாராம். பிறகு நடந்தே கிளம்பிக் காட்டில் செத்தார். தோசை தாமதமானால் “கப்பல் போயிருச்சா அக்கா?” என்று கடையில் யாராவது கேட்பது வழக்கம். அக்கா தலையைக் குனிந்துகொள்வார்.

போன ஞாயிற்றுக்கிழமை மகள் புஷ்பலதா, லைங் தாயா தையல் ஆலையிலிருந்து லீவில் வந்திருந்தாள். சும்மா துரையின் பெயரைப் போனில் தேட, அவருடைய வாழ்க்கையே வந்து விழுந்தது.

“அம்மா, உங்க சாமி அட்மிரல் வரைக்கும் போயிருக்காரு.”

“போவாருடி. எவ்ளோ சுருட்டு குடுத்திருக்கேன்.”

மேலே படித்தவளின் குரல் இறங்கியது.

“கடைசிக் கப்பல்ல பாதி இடம் காலியாம். கூலிங்க விடியறதுக்கு முந்தியே வந்து துறையில நின்னாங்களாம். வெள்ளைக்காரங்க ஏறுனதும் ஏணியைத் தூக்கச் சொன்னது இவருதானாம். துணிச்சலான முடிவுன்னு அதுக்குத்தான் முதல் பதக்கமாம்.”

தோசை கருகியது. அந்தப் புகைக்கு ரங்கூனில் தீயணைப்பு வண்டியே கிளம்பியிருக்கும்.

“அப்ப எங்க தாத்தா நேரத்துக்குத்தான் போயிருக்காரு” என்றார் அக்கா. “குடிகாரன்ங்கிற பேரு அவருக்கு, ரம்மு இவனுக்கு. இதுல நான் வேற பத்த வச்சுக் குடுத்திருக்கேன்.”

படத்தை எடுத்துக்கொண்டு போய்ப் படகுத்துறையின் ஓரத்தில், ஆற்றைப் பார்க்கச் சாய்த்து வைத்தார்.

“ஏணி வர்ற வரைக்கும் இங்கயே நிக்கட்டும்.”

நேற்று இதை எதிர் டீக்கடையில் சொல்லிக்கொண்டிருந்தேன். மழை பிடித்துக்கொண்டது. கோயில் கமிட்டிக்காரர் சிவராஜ் குடையோடு எழுந்தார்.

“நாளைக்கு ஆடி வெள்ளி. சாமி நனையுதுய்யா.”

“நம்மாளுங்க நனையாமயா நின்னாங்க? உக்காருங்க, கோ சிவராஜ்” என்று பர்மிய மரியாதையோடு சொன்னான் படகோட்டி மாரிச்சாமி.

“என் மவனுக்குக் கப்பல்ல வேலை குடுத்ததே அவருதான்டா.”

“ஏத்திவிடுற மூஞ்சியா அது?”

மாரிச்சாமி குடையைப் பிடுங்கினான். சிவராஜ் அவன் இடுப்பு லோஞ்சியைப் பிடித்தார். பெஞ்சு கவிழ்ந்தது. என் டீயும் போயிற்று.