கடன் வாங்கியவனின் கருணை

பக்கத்து வீட்டு டேவிட் சனத்நகரில் பட்டறை வைக்க வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்திட்டவள் நான். அவன் கட்டவில்லை, மல்காஜ்கிரியில் உள்ள என் வீடு ஏலத்துக்கு வரவிருந்தது.

இன்று கோர்ட்டில் சமரசம் ஆயிற்று. வட்டி தள்ளுபடி, அசலை நான் ஒரே மாதத்தில் கட்ட வேண்டும்.

வராந்தாவில் தஞ்சாவூர்க்கார பேங்க் மேலாளர் குழைந்தார். "கஷ்டம்னா நம்ம பேங்க்லயே லோன் தரோம் மேடம். ஒரு ஜாமீன் மட்டும் வேணும்."

பக்கத்தில் நின்ற டேவிட் பேனாவைத் திறந்துவிட்டான். "வேற ஆளெல்லாம் நக்கோ ஆன்ட்டி. நான் இருக்கேன்ல?"

மேலாளர் முகம் மலர்ந்தது. "நல்லதாப் போச்சு. பேங்க்குக்குத் தெரிஞ்ச பார்ட்டி!"

நான் எம்.ஏ. படித்தவள். இனி கையெழுத்திடத் தெரியாதவளாக வாழ்வது எப்படி என்று அனுபவப்பட்டவர்கள் எழுதுங்கள்.