போயி இனமும் என் பொட்டு அட்டையும்

பள்ளிக்கூடத்தில் என்னைப் போன் என்றுதான் கூப்பிட்டார்கள். வீட்டில் வைத்த பெயர் ‘பொன்’ என்று தொடங்கும். மிச்சத்தைச் சொல்வதாக இல்லை. பம்பாய் தாராவியில் நான் படித்தது இந்தி மீடியம். இந்தி எழுத்தில் நம் எகரக் குறிலும் ஒகரக் குறிலும் கிடையாது, இரண்டுக்கும் நெடில் மட்டும்தான். முதல் நாளே டீச்சர் என் பெயரை ரெஜிஸ்டரில் எழுதி, எழுதியபடியே நீட்டி வாசித்தார். மொத்த வகுப்பும் காதில் கை வைத்து ‘ஹலோ, ஹலோ’ என்றது. எத்தனை பேரைத் திருத்துவது? ஒரு கட்டத்தில் யாராவது பெயர் கேட்டால் நானே நீட்டிச் சொல்லத் தொடங்கிவிட்டேன். வீட்டில் பொன், வெளியே போன். அப்படியே பழகிவிட்டது.

வேலையும் போனில்தான் கிடைத்தது. செம்பூரில் ஓர் ஆபீஸ். தமிழ்நாட்டிலிருந்து கூப்பிடும் வாடிக்கையாளர்களுக்கு நாள் முழுக்கத் தமிழில் பதில் சொல்ல வேண்டும். கோபமாகப் பேசுகிறவரையும் ‘அப்படியா சார், பார்த்துடலாம் சார்’ என்று இரண்டே நிமிடத்தில் சாந்தப்படுத்துவேன். என் குரல் அப்படி. இரண்டு வருடம் முன்பு ஒருநாள் மேனேஜர் எங்கள் ஐந்து பேரையும் கூப்பிட்டு, இந்த மாதக் கடைசியோடு தமிழ் டெஸ்க்கை மூடுகிறோம், வேலை கோயம்புத்தூருக்குப் போகிறது என்றார். பேப்பர் கப்பில் டீ வேறு கொடுத்தார். எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தக் கப்பை அங்கேயே கசக்கிப் போட்டேன்.

அந்த வாரமே ஒரு வழி திறந்தது. செம்பூரிலேயே ஒரு டப்பிங் ஸ்டூடியோவில் பெண் குரல் தேடுகிறார்கள் என்று கூட வேலை செய்தவள் சொன்னாள். பழங்கால மக்களைப் பற்றிய வெளிநாட்டு டாக்குமெண்டரித் தொடர், தமிழில் பேசித் தர வேண்டும். போனிலேயே குரலைப் பதிவு செய்து அனுப்பினேன். மறுநாள் அங்கிருந்து ஓர் அம்மா கூப்பிட்டார். குரல் நன்றாக இருக்கிறதாம். திங்கட்கிழமை முதல் பாகத்தைப் பேசிப் பார்க்க வேண்டும், சரியாக வந்தால் தொடர் முழுவதும் எனக்குத்தான் என்றார். கடைசியில் பேச்சோடு பேச்சாக, “தமிழ் படிக்கத் தெரியுமோல்லியோ?” என்றார்.

“தெரியும் மேடம்” என்றேன். வாய்கூசாமல் சொன்னேன்.

எனக்குத் தமிழ் பேசத் தெரியும், சண்டை போடத் தெரியும். படிக்கத் தெரியாது. பேச வேண்டிய வசனம் வாட்ஸப்பில் பக்கம் பக்கமாக வந்து விழுந்தது, பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தும் ஓர் எழுத்தும் பிடிபடவில்லை. ஆனால் சந்தோஷமும் பொங்கிக்கொண்டு வந்தது. என் குரல் டிவியில் வரப் போகிறது என்றால் சும்மாவா?

வீட்டுக்காரர் திருநெல்வேலிப் பக்கம் பத்தாவது வரை படித்துவிட்டு பம்பாய் வந்தவர். தாராவியில் ஒரு பட்டறையில் தோல் பை தைக்கிறார். தமிழ் பேப்பரை ஒரு வரி விடாமல் படிக்கிற ஆள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பாடு முடிந்ததும் வசனத்தை அவர் போனுக்கு அனுப்பி, அவரைப் பிடித்து உட்கார வைத்தேன். அவர் வாசிக்க வேண்டும், நான் அதை இந்தி எழுத்தில் எழுதிக்கொள்ள வேண்டும். இதுதான் என் திட்டம்.

“கெல்டிக் மக்களில் போயி என்றோர் இனம்” என்று தொடங்கியவர் நிறுத்திவிட்டார். “ஏளா, பேரே போயியாம்லா. எங்க போயி நின்னானுவளாம்?”

“அதத்தான் அடுத்த வரியில சொல்லுவாங்க. ஜல்தி வாசிங்க.”

வாசிக்க வாசிக்க எனக்கே பரபரப்பாகிவிட்டது. சும்மா பெயர் இல்லை அது, போய்க்கொண்டேதான் இருந்திருக்கிறார்கள். ஒரு கூட்டம் ஆல்ப்ஸ் மலையைத் தாண்டி இத்தாலிச் சமவெளியில் குடியேறியது. ரோமர்கள் அடித்து விரட்டினார்கள். இன்னொரு கூட்டம் மலைகள் சூழ்ந்த ஒரு நாட்டில் இருந்தது, அங்கிருந்தும் நகர்ந்தார்கள். டான்யூப் நதிக்கரைக்குப் போனவர்கள் அங்கேயும் அடிபட்டார்கள். கடைசியில் ஒரு பகுதியினர் ஹெல்வெட்டி என்ற இன்னோர் இனத்தோடு சேர்ந்து கிளம்பினார்கள். இந்த ஹெல்வெட்டிக்காரர்கள் புறப்படும்போது தங்கள் ஊர்களுக்குத் தாங்களே தீ வைத்துவிட்டார்கள். திரும்பி வரும் நினைப்பே யாருக்கும் வரக் கூடாதாம்.

“எல்லாத்தையுமா கொளுத்தினானுவ?” என்றார் வீட்டுக்காரர். “நம்ம தெருவுல காலி பண்ணச் சொன்னா கதவு, ஜன்னல், தகரம் முதற்கொண்டு கழட்டிட்டுப் போவானுவ. ஒரு ஆணிய விடமாட்டான்.”

அப்படியும் அவர்கள் தோற்றுப்போனார்கள். கொளுத்திய ஊருக்கே திரும்பிப் போய் வீடு கட்டிக்கொள்ளுங்கள் என்று ரோமர்கள் ஹெல்வெட்டிகளைத் திருப்பி அனுப்பினார்கள். போயிகள் மட்டும் தப்பினார்கள். இவர்கள் நல்ல வீரர்கள், எங்களோடு இருக்கட்டும் என்று பக்கத்து இனத்தார் கேட்டு வாங்கி நிலம் கொடுத்தார்களாம். அதைக் கேட்டதும் நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கை தட்டினேன். என் மாமா சித்தப்பாவுக்கு நிலம் கிடைத்ததுபோல இருந்தது.

மாலை ஐந்து மணிக்குள் எழுதி முடித்தாயிற்று. உடனே இரண்டு தடவை படித்துக் காட்டினேன். அவர் வாசித்தது காதிலேயே இருந்ததால் அட்சரம் பிசகாமல் வந்தது. “பாஸ்தாம்ளா நீ” என்றார் வீட்டுக்காரர்.

திங்கட்கிழமை காலை ஜிடிபி நகர் ஸ்டேஷனில் ரயில் ஏறினேன். உட்கார இடம் கிடைத்தது. தாள்களை எடுத்து முணுமுணுத்துக்கொண்டு வந்தேன். பக்கத்தில் இருந்த பெண் எட்டிப் பார்த்தாள். இந்திக்காரி. நான் எழுதியிருந்ததை ஒரு வரி கடகடவென்று படித்துவிட்டு, “இது எந்த ஊர் இந்தி?” என்று இந்தியில் கேட்டாள். தமிழ் என்றேன். அவள் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு நகர்ந்து உட்கார்ந்தாள்.

ஸ்டூடியோ ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாவது மாடி. போனில் பேசிய அம்மாதான் தமிழ் சூப்பர்வைசர். மாட்டுங்கா ஏரியா மாமி, பாலக்காட்டுப் பேச்சு, காட்டன் புடவை, கையில் ஒரு பென்சில். ஒலிப்பதிவு செய்கிற மராட்டிக்காரர் என்னைக் கண்ணாடி பூத்துக்குள் நிற்க வைத்து ஹெட்போனை மாட்டிவிட்டார். கதவைச் சாத்தியதும் உலகமே அடங்கிவிட்டது. அங்கேதான் வினை. காதில் இருந்த வீட்டுக்காரர் குரல் அந்த அமைதியில் போன இடம் தெரியவில்லை. தாளும் எழுத்தும்தான் மிச்சம்.

முதல் பக்கம் ஒருவழியாக ஓடியது. இரண்டாவதில், “ஹெல்வேட்டி மக்கள் புறப்பட்டார்கள்” என்றேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மாமியின் புருவம் ஏறியது. நான் நிறுத்தவில்லை. “போயிகள் அங்கிருந்து பேயர்ந்து போனார்கள். அந்தப் பேயர் அங்கேயே நின்றுவிட்டது.”

ஹெட்போனில் மாமியின் குரல் வந்தது. “நிறுத்து, நிறுத்து. எந்தப் பேய் நின்னுது?”

எனக்குப் புரியவில்லை. வாழ்க்கையில் ‘பேரு’ என்றுதான் சொல்லியிருக்கிறேன். ‘பெயர்’ என்பதெல்லாம் தாளில் மட்டும் வருகிற வார்த்தை. மறுபடி சொன்னேன். மறுபடியும் பேயாகத்தான் வந்தது. மாமி எழுந்து பூத்துக் கதவைத் திறந்து, என் கையிலிருந்த தாள்களை வாங்கிப் புரட்டிப் பார்த்தார்.

“இது என்ன எழுத்தாக்கும்?”

“ஹிந்தி எழுத்து மேடம். தமிழ்தான். எழுத்து மட்டும் ஹிந்தி.”

“அப்போ படிக்கத் தெரியும்னு சொன்னது?”

ஹெட்போனைக் கழற்றினேன். காது மடல் சூடாகிவிட்டது. மாமி சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் நானும் போட்டிருப்பேன், அதற்கு நான் சளைத்தவள் இல்லை. நிதானமாகத்தான் பேசினார்.

“குரல் நன்னாத்தான் இருக்கு. ஆனா தமிழ் படிக்கத் தெரியாதவாகிட்ட தமிழ் ப்ரோக்ராமை எப்படி ஒப்படைக்கறது, நீயே சொல்லு.”

மாதக் கடைசி கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது. சரி என்று பையை எடுத்துக்கொண்டு கிளம்பியிருக்கலாம். ஆனால் மாமியின் கையில் மேலாக இருந்தது என் மூன்றாவது பக்கம். அதில் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியும். ரோமர்கள் ஹெல்வெட்டிகளின் முகாமைப் பிடித்தபோது அங்கே பலகைகள் கிடைத்தன. ஊரை விட்டுக் கிளம்பி வந்தவர்கள் அத்தனை பேர் பெயரும் அவற்றில் இருந்தது. கிரேக்க எழுத்தில்.

“மேடம், மூணாவது பக்கம் பாருங்க” என்றேன். “அவங்க கிரேக்கக்காரங்க இல்லையே. ஆனா வந்தவங்க பேரெல்லாம் கிரேக்க எழுத்துலதான எழுதி வச்சிருந்தாங்க. சொந்த எழுத்து இல்லாதவங்க கையில கிடைச்ச எழுத்துலதான எழுதுவாங்க? எனக்குக் கிடைச்சது ஹிந்திதான். பேசுறது என் தமிழ்தான மேடம்?”

சொல்லி முடித்ததும் எனக்கே பகீரென்றது. இவ்வளவு வாய் ஆகாது. மாமி தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். வாயோரத்தில் சிரிப்பு வந்து போனதோ என்று ஒரு சந்தேகம்.

“வாய் மட்டும் காத தூரம் போறது. அதெல்லாம் சரி, உன் தாளுக்குக் குறிலும் தெரியல, நெடிலும் தெரியலயே. அதுக்கு என்ன பண்ணப் போறாய்?”

“ஒரு சாய் குடிக்கிற நேரம் குடுங்க மேடம்.”

மாமி மராட்டிக்காரரைப் பார்த்தார். அவர் ஏற்கெனவே சாய்க்குக் கிளம்பிச் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தார்.

தாள்களைத் திரும்ப வாங்கிக்கொண்டு, மாடிப்படியில் உட்கார்ந்து வீட்டுக்காரருக்குப் போன் போட்டேன். பட்டறையில் மெஷின்கள் ஓடுகிற சத்தத்தில் அவருக்கு ஒன்றும் கேட்கவில்லை. “வாசிங்க, மறுபடி வாசிங்க. உங்க போன்ல இருக்குல்லா” என்று கத்தினேன். அந்தப் பக்கம் அவர் யாரிடமோ ஏதோ சொன்னார். ஒரு மெஷின் நின்றது, பிறகு இன்னொன்று, பிறகு எல்லாமே நின்றன. பீகார்க்காரர்கள், நம் ஊர்க்காரர்கள் எல்லாரும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்களாம். அந்த அமைதியில் அவர் போயிகளின் கதையை முதலிலிருந்து வாசித்தார்.

என் கைப்பையில் இரண்டு அட்டை ஸ்டிக்கர் பொட்டு இருந்தது, சின்னச் சிவப்புப் பொட்டு. அவர் வாசிக்க வாசிக்க, குறில் வருகிற எழுத்தின் தலையில் எல்லாம் ஒரு பொட்டை ஒட்டினேன். ஹெல்வெட்டிக்கு இரண்டு. கெல்டிக்குக்கு ஒன்று. தொன்மைக்கு ஒன்று. அவசரத்தில் ஒன்றிரண்டு படியில் விழுந்தன, அவற்றையும் பொறுக்கி ஒட்டினேன்.

“எல்லாம் வந்துட்டா?” என்றார் கடைசியில்.

“வந்துட்டு. வச்சிருதேன்.”

“ஏளா, பதறாம படி. இங்க எல்லாவனும் என் வாயவே பாத்துட்டு நிக்கானுவ. ஜெயிச்சுட்டு வா.”

இரண்டாம் பக்கத்தில் தடுக்கிய வரி கடைசியிலும் வந்தது. மற்றதற்கெல்லாம் ஒட்டிய பிறகு அதன் இரண்டு ‘பெயர்’ மட்டும் பாக்கி. அட்டையில் மிச்சம் ஒரே ஒரு பொட்டுதான். அதை முதல் பெயருக்கு வைத்தேன். இரண்டாவதற்கு என் நெற்றியில் இருந்ததை எடுத்து ஒட்டினேன்.

திரும்பப் பூத்துக்குள் போனபோது மாமி தாளைப் பார்த்துவிட்டு, “இது வேறயா” என்றார். அவ்வளவுதான் சொன்னார். கதவு சாத்தியது. நான் படித்தேன். எத்தனை பக்கம், எவ்வளவு நேரம் என்று ஒன்றும் தெரியவில்லை. பொட்டு வந்த இடத்தில் நாக்கு தானாகக் குறுகியது. மலை தாண்டியபோது நானும் தாண்டினேன். ஊர் எரிந்தபோது ஒவ்வொரு வார்த்தையாக நிறுத்திச் சொன்னேன். நிலம் கிடைத்த இடத்தில் எனக்கு வந்த சந்தோஷத்தை மறைக்கவும் இல்லை. கடைசி வரிகளுக்கு வந்துசேர்ந்தேன்.

“போயிகள் பெயர்ந்து போனார்கள். அவர்கள் பெயர் அங்கேயே நின்றுவிட்டது. மலைகள் சூழ்ந்த அந்த நாட்டை இன்றும் பொஹீமியா என்கிறார்கள். போயிகளின் வீடு என்று அதற்குப் பொருள்.”

மராட்டிக்காரர் கட்டை விரலைத் தூக்கிக் காட்டினார். அவருக்கு ஒரு வார்த்தையும் புரிந்திருக்காது. மாமியின் குரல் வந்தது.

“வியாழக்கிழமை வா. ரெண்டாவது பாகம். பொட்டு நிறைய வாங்கிண்டு வா.”

நான் பூத்தை விட்டு வெளியே வந்து, சிரிக்கிறேனா அழுகிறேனா என்று தெரியாமல் நின்றேன். மாமியே சொன்னார்: பழைய ஓலைகளில் தமிழில்கூட அப்படித்தானாம். எகரத்துக்கும் ஒகரத்துக்கும் மேலே புள்ளி வைத்தால்தான் குறில். “நீ ஒண்ணும் புதுசாக் கண்டுபிடிக்கலையாக்கும்” என்றார். கொஞ்சம் பெருமையாகத்தான் சொன்னார்.

பிறகு ஒரு காகிதத்தை நீட்டினார். “டைட்டில்ல போடறதுக்கு உன் பேரை எழுதிக் குடு. எந்த எழுத்தானாலும் சரி.”

எழுதினேன். பள்ளிக்கூட ரெஜிஸ்டரில் இருந்தது மாதிரியே, ரேஷன் கார்டிலும் ரயில் பாஸிலும் இருக்கிறது மாதிரியே வந்தது. கை அங்கேயே நின்றது. பையைத் துழாவினேன். பொட்டு ஒன்றுகூட இல்லை, நெற்றியிலும் இல்லை. பேனாவை எடுத்து என் பெயரின் முதல் எழுத்துக்கு மேலே ஒரு புள்ளி வைத்தேன்.

மாமி கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு அதைப் படித்தார். குறிலாகவே படித்தார்.